கதாநாயகியர் நலக் குழு

பத்து நாற்பதுக்குக் கோலப்பிலா பேருந்து கிளம்பிப் போன பிறகுதான் சல்பியா அந்தக் கடிதத்தைப் பிரித்தாள். அடுத்த வண்டி பதினொன்றே காலுக்கு. சிரம்பான் பேருந்து நிலையத்தின் நான்காம் முகப்பில் பதினாறு வருடமாக அவள் சீட்டு விற்கிறாள். நாவலையும் அங்கேதான் எழுதினாள், இரண்டு வண்டிகளுக்கு நடுவில், வீணாய்ப் போன சீட்டுத் தாள்களின் பின்பக்கத்தில். முடிக்க நான்கு வருடம் ஆயிற்று.

மெலாத்தி சுக்மா பதிப்பகம் நாவலை ஏற்றுக்கொண்டிருந்தது. வாழ்த்துச் சொல்லியிருந்தார்கள். கதாநாயகி 'ஆ பிரிவுப் பழிபட்ட பெண்' என்று வகைப்படுத்தப்பட்டிருப்பதால் எழுத்தாளர் கதாநாயகியர் நலக் குழுவின் முன் நேரில் வர வேண்டும் என்றும், இணைத்துள்ள ஒப்பந்தத்தில் கையெழுத்திட்டு உடனே அனுப்ப வேண்டும் என்றும் கண்டிருந்தது. பதினொன்று பத்துக்குக் கையெழுத்துப் போட்டாள். சாளரத்துக்கு வெளியே ஒன்பது பேர் நின்றிருந்தார்கள். படிக்க நேரமில்லை.

நாவலில் பெரிதாக ஒன்றும் இல்லை. கையுறைத் தொழிற்சாலையில் வேலை செய்யும் பத்தொன்பது வயதுப் பெண் ஒருத்தி கடைசிப் பேருந்தைத் தவறவிடுகிறாள். மேற்பார்வையாளன் வீட்டில் விடுகிறேன் என்று காரில் ஏற்றிக்கொள்கிறான். வீட்டில் விடவில்லை. அது ஆறாம் அத்தியாயம், நான்கு வரி. பிறகு ஊர் கூடுகிறது. அவனுக்கே கட்டிவைத்தால் மானம் தப்பும் என்று முடிவாகிறது. அவனுடைய தாய் மோதிரத் தட்டைக் கொண்டுவந்து வைத்துவிட்டுப் போகிறாள். வந்த தட்டைத் திருப்ப வேண்டுமென்றால் பெரியவர்கள் போக வேண்டும், அதுதான் வழக்கம். பெரியவர்கள் யாரும் அசையவில்லை. இருபத்தைந்தாம் அத்தியாயத்தில் அந்தப் பெண் தட்டை மடியில் வைத்துக்கொண்டு தனியாகப் பேருந்தில் போகிறாள். அவன் வீட்டு வாசலில் தட்டை வைக்கிறாள். "முடியாது" என்கிறாள். திரும்பி வருகிறாள். குழந்தை பிறக்கிறது, வளர்கிறது. அவ்வளவுதான்.

அது சல்பியாவின் கதை. அதை அவள் யாரிடமும் மறைத்ததில்லை.

*

நலக் குழு பாங்கி நகரில், பதிப்பகத்தின் மூன்றாம் மாடியில் கூடியது. தொடக்கத்தில் கதாநாயகிகள் அனைவருக்காகவும் பிரார்த்தனை நடந்தது. அடுத்து எண்ணெயில் பொரித்த கறிபாப் வந்தது. தலைவி டத்தின் ருஸ்மாவாத்தி. பட்டம் கணவருடையது, நாற்காலி பதிப்பகத்துடையது. அவருக்கு வலப்பக்கம் ஓய்வுபெற்ற பள்ளி ஆய்வாளர் துவான் ஹாஜி மொக்தார், கையில் அடிக்கோலும் சிவப்புப் பேனாவும். இடப்பக்கம் விற்பனைப் பிரிவின் ஹஸ்வான். அவனுக்கு முப்பது வயதிருக்கும். புன்னகையை அவன் கழற்றவே இல்லை.

துவான் ஹாஜி ஒரு படிவத்தை நிரப்பி வைத்திருந்தார். அழுகை, மயக்கம், மழை, மருத்துவமனை என்று கட்டங்கள்.

"முந்நூத்திப் பன்னெண்டு பக்கத்துல ரெண்டே தடவைதான் அழுவுறா, புவான்," என்றார். "அதுல ஒண்ணு வெங்காயம். வெங்காயத்தைக் குழு கணக்குல எடுத்துக்காது."

சல்பியா மன்னிப்புக் கேட்டாள். எதற்கென்று அவளுக்கே தெரியவில்லை.

டத்தின் விதிகளைப் பொறுமையாக விளக்கினார். அ பிரிவு, மணவிலக்கானவள். அவளுக்குத் தாயில்லாக் குழந்தை உள்ள ஒரு மனைவியிழந்தவன் கிடைப்பான். அதுவரை, மூன்றாம் அத்தியாயத்துக்குப் பிறகு, அவள் வாய்விட்டுச் சிரிக்கக் கூடாது. ஆ பிரிவு, கணவனில்லாத தாய். அவள் காரணமானவனையே மணக்கலாம், அல்லது பிரசவத்தில் கண்ணை மூடலாம். இ பிரிவு, தலைநகருக்குப் போய்க் கெட்டவள். அவளுக்கு நோய் மட்டும். எந்த நோய் என்பதில் எழுத்தாளருக்கு முழுச் சுதந்திரம் உண்டு.

"சுதந்திரத்துல நாங்க கை வைக்கிறதே இல்ல," என்றார் டத்தின்.

பிறகு ஆறாம் அத்தியாயத்துக்கு வந்தார்கள். ஹஸ்வான் அந்தத் தாளை எடுத்து நடுவில் வைத்தான். நான்கு வரிகளின் மேல் கறிபாப் எண்ணெய், மூன்று விரல் அகலம். நான்கு வரி போதாது என்றான். வாசகிகள் காசு கொடுத்து வாங்குவதே அந்த இடத்துக்காகத்தான். குறைந்தது பதினொரு பக்கம் வேண்டும். மின்னல் வேண்டும். அவன் வெறும் மேற்பார்வையாளனாக இருந்தால் எடுபடாது, முதலாளியின் மகனாக, வெளிநாட்டில் படித்தவனாக இருக்க வேண்டும். வாசனைத் திரவியம் பூசியிருந்தால் நல்லது.

சல்பியா நான்கு வரியே அதிகம் என்று நினைத்திருந்தாள். அதைச் சொன்னாள். தகாத விஷயங்களை நீக்கத்தானே இந்தக் குழு என்றும் கேட்டாள்.

துவான் ஹாஜி அவளை ஒரு மாணவியைப் பார்ப்பதுபோல் பார்த்தார்.

"பின்னாடி கல்யாணம் நடக்குதே, புவான். கல்யாணம் நடந்துட்டா, அன்னைக்கு நடந்தது முன்தேதியிட்டுக் காதலாயிடும். அப்புறம் அதுல தகாதது எங்க இருக்கு?"

"கல்யாணம் நடக்கலையே, துவான்."

"நடக்கும்," என்றார் டத்தின், இதமாக.

ஒப்பந்தத்தின் ஏழாம் பிரிவு, மேம்படுத்தும் உரிமை பதிப்பகத்துக்கே என்று சொல்வதாக ஹஸ்வான் நினைவூட்டினான். சல்பியா ஒன்றே ஒன்று கேட்டாள். மழையைப் பெய்யவிடுங்கள், அவனை யாராக வேண்டுமானாலும் ஆக்குங்கள். இருபத்தைந்தாம் அத்தியாயத்தில் அவள் சொல்கிற அந்த ஒரு வார்த்தையை மட்டும் தொடாதீர்கள்.

டத்தினின் கண் கலங்கியது. அவருக்கு எளிதில் கலங்கும். குறிப்பேட்டில் எழுதச் சொன்னார். துவான் ஹாஜி எழுதினார், அடிக்கோலால் அடியில் கோடும் போட்டார்: 'எழுத்தாளரின் உணர்வு குறித்துக்கொள்ளப்பட்டது.'

மிச்சமிருந்த கறிபாப்பை அவளுக்கே கட்டிக் கொடுத்தார்கள்.

*

நான்கு மாதத்தில் புத்தகம் வந்தது. சல்பியா அதற்கு 'கடைசிப் பேருந்து' என்று பெயர் வைத்திருந்தாள். அட்டையில் 'காயம் தந்த கையே கணவன் கை' என்றிருந்தது. பாதி முகம் தெரியும் ஒரு பெண், ஒரு கண்ணீர்த் துளி. பின்னால் கோட்டுப் போட்ட ஒருவன். மூலையில் பொன்முத்திரை: உண்மைக் கதை. பின்னட்டையில் சல்பியாவின் படம். வேலை அட்டையிலிருந்து எடுத்தது.

முதலில் படித்தது மகள் காலிசா. இருபத்தொரு வயது, மருத்துவமனை ஆய்வகத்தில் பயிற்சியில் இருந்தாள். சமையலறை மேசையில் உட்கார்ந்து, சோற்றில் கை வைத்தபடியே படித்தாள்.

"மாக், நான் செத்துட்டேன்."

"எப்போ?"

"பத்தொன்பதாம் அத்தியாயத்துல. மூணு வயசு. டெங்கு. நாப்பது பக்கம் சாவுறேன்."

"எதுக்காம்?"

"என் படுக்கைக்கு அந்தப் பக்கம் நீ, இந்தப் பக்கம் அவன். என் நெத்தியைத் தொடப்போய் ரெண்டு பேர் கையும் பட்டுக்குதாம்." காலிசா பக்கத்தைப் புரட்டினாள். "நான் போனதும் மழை நின்னுடுது."

இருபத்தைந்தாம் அத்தியாயத்தைச் சல்பியா நின்றுகொண்டே படித்தாள். அந்தப் பெண் தட்டோடு அவன் வீட்டு வாசலுக்குப் போகிறாள். மயங்கி விழுகிறாள். அவன் தாங்கிப் பிடிக்கிறான். மோதிரம் தட்டிலிருந்து உருண்டுவந்து தானாகவே அவள் விரலில் ஏறிக்கொள்கிறது. அளவும் சரியாக இருக்கிறது.

எழுத்தாளர் பிரதியோடு ஒரு தாள் இணைத்திருந்தார்கள். தலைப்பு: நீக்கப்பட்ட தகாத சொற்கள். பீர். தொடை. கழிவறை. பேருந்து ஓட்டுநர் சொல்லும் ஒரு வசவு. ஐந்தாவதாக: முடியாது. காரணம் என்ற கட்டத்தில், 'பெண்ணின் வாயில் கடுமை.'

சல்பியா பதிப்பகத்தைக் கூப்பிட்டாள். ஹஸ்வான் மகிழ்ச்சியாக இருந்தான், புத்தகம் பறந்துகொண்டிருந்தது. இப்போது அவள் அவனுக்குக் 'காக்', அக்கா.

"கடுமையான வார்த்தை, காக், அது. வேணும்னா ரெண்டாம் பதிப்புல 'எனக்கு வெக்கமா இருக்கு'ன்னு போட்டுடலாம்."

உண்மைக் கதை என்று முத்திரை குத்தியிருக்கிறீர்களே என்று கேட்டாள். அவனுக்குக் கேள்வி விளங்கவில்லை. கதையில் கதாநாயகி பிழைத்துக்கொள்கிறாள், நீங்களும் உயிரோடு இருக்கிறீர்கள், இதில் எது பொய் என்றான்.

*

அதன் பிறகு நான்காம் முகப்பில் வரிசை நீண்டது. பாதிப் பேர் எங்கும் போகிறவர்கள் அல்ல. அவள் விரலில் மோதிரம் இருக்கிறதா என்று பார்க்கச் சீட்டு வாங்கினார்கள். வேலை செய்யும்போது கழற்றி வைத்துவிடுவாள் என்று தங்களுக்குள் சொல்லிக்கொண்டார்கள். அவர் நலமா என்று விசாரித்தார்கள். செத்துப்போன குழந்தைக்காக ஒரு பெண்மணி சாளரத்தின் இடைவெளி வழியாகக் கையை நுழைத்து அவள் மணிக்கட்டைப் பிடித்து அழுதாள். அந்தக் குழந்தை அப்போது பின்னால் நின்று அம்மாவுக்குச் சோற்றுப் பொட்டலம் கொடுத்துக்கொண்டிருந்தது.

நிலைய மேலாளர் கணவனில்லாத தாய்மார்களுக்கான காலைப் பணிப் பட்டியலிலிருந்து அவள் பெயரை எடுத்தார். கணவன் இல்லை என்று சல்பியா சொன்னாள். அவர் வருத்தப்பட்டார். தனக்குத் தெரியும் என்றார், ஆனால் அச்சில் வந்துவிட்டதே, கணக்குத் தணிக்கைக்கு வருகிறவர்கள் புத்தகத்தைக் காட்டிக் கேட்டால் என்ன சொல்வது என்றார்.

இதையெல்லாம் அவள் பொறுத்துக்கொண்டாள். ஒரு புதன்கிழமை மூன்று பத்து வண்டிக்கு ஒரு தாயும் மகளும் வந்தார்கள். பாஹாவுக்கு இரண்டு சீட்டு. மகளுக்குப் பதினெட்டு வயதிருக்கும். மர்தியா என்று தாய் கூப்பிட்டாள். அந்தப் பெண் புத்தகத்தை நெஞ்சோடு அணைத்திருந்தாள், முகம் மட்டும் தரையைப் பார்த்தது.

சல்பியாவை அடையாளம் கண்டதும் தாய்க்கு மூச்சே நின்றுபோயிற்று. பிறகு சாளரத்தில் வாயை வைத்துத் தணிந்த குரலில் எல்லாவற்றையும் சொன்னாள். பக்கத்து வீட்டுப் பையன். ஒரு தப்பு நடந்துபோயிற்று. நல்ல குடும்பம், மோதிரத் தட்டு கொண்டுவருகிறோம் என்று அவர்களே சொல்லிவிட்டார்கள். இவள்தான் சோறு தின்ன மாட்டேன் என்கிறாள்.

"அதான் உங்க புத்தகத்தை வாங்கிக் கொடுத்தேன், காக். படிச்சுப் பாருடி, இவங்களுக்கும் இப்படித்தான் ஆச்சு, இன்னைக்கு எப்படி இருக்காங்க பாருன்னு."

மர்தியா முதல் தடவையாக நிமிர்ந்தாள்.

"அவரு உங்களை இப்போ நல்லா வெச்சிருக்காரா, காக்?"

அவர் என்று யாரும் இல்லை என்றாள் சல்பியா. தட்டைத் திருப்பிக் கொடுத்தேன், முடியாது என்று சொன்னேன், பதிப்பகத்தார்தான் மாற்றிவிட்டார்கள் என்றாள். வேகமாகச் சொன்னாள். வரிசை நெருக்கியது.

தாய் சிரித்தாள். பெரியவர்கள் இப்படித்தான் அடக்கமாகப் பேசுவார்கள் என்றாள். மகளின் கையிலிருந்த புத்தகத்தைத் திருப்பி முத்திரையைத் தட்டிக் காட்டினாள்.

"என்ன போட்டிருக்கு? படி."

"உண்மைக் கதை," என்று படித்தாள் மர்தியா.

ஓட்டுநர் ஒலி எழுப்பினார். போய்விட்டார்கள். அடுத்து நின்ற கிழவர் கிள்ளானுக்குக் கேட்டார், சல்பியா அவருக்குப் பாஹாவுக்குச் சீட்டுக் கொடுத்தாள். பதினாறு வருடத்தில் முதல் தவறு.

இரண்டாம் பதிப்பு வெளியீட்டு விழாவுக்கு அழைப்பு வந்தபோது, அம்மா போகப்போவதில்லை என்றுதான் காலிசா நினைத்தாள். சல்பியா தன் பாஜு கூரோங் உடையை இஸ்திரி போட்டுக்கொண்டிருந்தாள்.

"உன்னைப் பேச விடுவாங்களா, மாக்?"

"நன்றி சொல்ல விடுவாங்க."

"அப்புறம்?"

"ஒலிவாங்கி கையில இருக்கும்ல."

*

விழா சிரம்பானில், ஒரு கடைத்தொகுதியின் மேல்மாடி மண்டபத்தில் நடந்தது. மேடையில் பூக்கள் கட்டிய மணமேடை போட்டிருந்தார்கள். இரண்டு சிம்மாசனங்கள். புத்தகத்தை வெறுமனே வெளியிட்டால் யார் வருவார்கள், கல்யாணம்போல் நறுநீர் தெளித்து வெளியிடுகிறோம் என்று ஹஸ்வான் விளக்கினான். காலிசாவைக் கண்டதும் அவன் புன்னகை முதல் தடவையாகத் தடுமாறியது. அவளை 'அடிக்', தங்கை, என்று கூப்பிட்டுக் கடைசி வரிசையில், தூணுக்குப் பின்னால் உட்காரச் சொன்னான்.

"தப்பா எடுத்துக்காதீங்க, அடிக். நீங்க செத்து நாப்பது பக்கம் அழுதிருக்காங்க. இப்போ முன்னாடி உக்காந்திருந்தா அவங்க மனசு என்ன ஆகும்?"

"மூச்சு விடலாமா?" என்று கேட்டாள் காலிசா.

"மெதுவா," என்றான்.

சல்பியாவை வலது சிம்மாசனத்தில் அமர்த்தினார்கள். இடது சிம்மாசனம் காலியாக இருந்தது, மேலே பட்டுத்துணி போர்த்தியிருந்தது. துவான் ஹாஜி விருந்தினர்களின் பட்டங்களை வாசித்தார். பதினொரு நிமிடம் ஆயிற்று. ஒரு பந்துன் செய்யுள் பாடினார், அதில் வாடிய மல்லிகை ஒன்று பறித்தவனின் சட்டைப்பையில் மறுபடி மலர்ந்தது. பெரியவர்கள் வரிசையாக வந்து தட்டில் வைத்த புத்தகத்தின்மேல் பண்டான் இலைக்கட்டால் நறுநீர் தெளித்தார்கள். அட்டைப் பெண்ணின் கண்ணீர்த் துளி கரைந்து கன்னம் முழுக்கப் பரவியது.

டத்தின் பேசினார்.

"நம்ம பதிப்பகம் இதுவரைக்கும் நூத்திப் பதினேழு பழிபட்ட பெண்களுக்கு வழி காட்டியிருக்கு. எண்பத்து நாலு பேருக்குக் கல்யாணம் செஞ்சு வெச்சோம். முப்பத்து மூணு பேரை நோய்ல, பிரசவத்துல, நல்லபடியா அடக்கம் செஞ்சோம். அல்லாவின் கருணையால ஒருத்தியைக்கூட நாங்க சும்மா விட்டதில்ல."

கைதட்டல் அடங்கவில்லை. வாசகிகளுக்குக் கண்ணீர் துடைக்கத் தாள் விநியோகித்தார்கள். தாளில் புத்தக அட்டை அச்சிட்டிருந்தது.

அடுத்து வியப்பு நிகழ்ச்சி என்று ஹஸ்வான் அறிவித்தான். புகை கிளம்பியது. மணமேடை வாடகைக்குப் பேச ஜெம்போல் போயிருந்தானாம். வாடகைக்கு விடுகிறவரே, அந்தப் புத்தகத்தில் வருகிறவன் நான்தான் என்று சொன்னாராம். ஹஸ்வானுக்கு மெய் சிலிர்த்துவிட்டதாம். பதிப்பகம் எழுதிய முடிவை இறைவன் முன்பே எழுதி வைத்திருந்தான் என்றான்.

பட்டுத்துணியை எடுத்தார்கள். அந்த மேற்பார்வையாளன், சம்சூரி, வந்து உட்கார்ந்தான். சொங்கெட் சரிகை உடை, வயிறு, வாசனைத் திரவியம். கோட்டுப் போட்டவன் இல்லை, முதலாளி மகனும் இல்லை. சல்பியா அவன் காதுகளைப் பார்த்தாள். மடல் ஒட்டிய சின்னக் காதுகள். தூணின் பக்கம் பார்த்தாள். காலிசாவின் அதே காதுகளை முக்காடு மூடியிருந்தது.

சம்சூரி ஒலிவாங்கியை வாங்கினான். மேடைப் பேச்சு அவனுக்குப் பழக்கமில்லை, ஆனால் கூட்டம் பிடித்திருந்தது.

"தப்பு ரெண்டு பக்கமும் இருந்துச்சு," என்றான். "தட்டைத் திருப்பி எடுத்துட்டு வந்து என் அம்மாவை அவமானப்படுத்துனா. பரவாயில்ல. நான் அவளை மன்னிச்சுட்டேன்."

மண்டபம் அழுதது. டத்தின் அழுதார். துவான் ஹாஜி படிவத்தைத் தேடியெடுத்து ஒரு கட்டத்தில் குறியிட்டார்.

கடைசியாக, இந்த நூலின் முதல் கனி என்று சொல்லி டத்தின் ஒரு தாயையும் மகளையும் மேடைக்குக் கூப்பிட்டார். மர்தியாவுக்கு இளஞ்சிவப்பு உடை உடுத்தியிருந்தார்கள். வரும் சனிக்கிழமை அவளுக்கு மோதிரம் வருகிறது என்றும், இந்தப் புத்தகத்தைப் படித்த பிறகே குடும்பம் துணிந்தது என்றும் டத்தின் அறிவித்தார். மர்தியாவைச் சின்ன நாற்காலியில் உட்காரவைத்து, வழக்கப்படி இரண்டு உள்ளங்கைகளையும் மடிமேல் மல்லாக்க வைத்தார்கள். அந்தக் கைகள் மெலிந்திருந்தன. எழுத்தாளரே தன் கையால் நீர் தெளித்து வாழ்த்துவார் என்றான் ஹஸ்வான்.

சல்பியா எழுந்தாள். ஒரு கையில் பண்டான் இலைக்கட்டைக் கொடுத்தார்கள், மறு கையில் ஒலிவாங்கியை. இலையிலிருந்து நீர் மேடையில் சொட்டியது. நன்றி மட்டும் போதும் என்று டத்தின் காதருகே சொன்னார். மர்தியா நிமிர்ந்து, சல்பியாவையும் சிம்மாசனத்தில் இருந்தவனையும் மாறிமாறிப் பார்த்தாள். தூணுக்குப் பின்னாலிருந்து காலிசா எழுந்து நின்றிருந்தாள்.

சல்பியா இலைக்கட்டைத் தட்டில் வைத்தாள். ஒலிவாங்கியை வாயருகே கொண்டுபோனாள்.

"இருபத்தஞ்சாம் அத்தியாயத்துல நான் ஒரே ஒரு வார்த்தை எழுதியிருந்தேன், டத்தின். அதை இந்தப் பொண்ணுகிட்ட நீங்க சொல்றீங்களா, இல்ல நான் சொல்லட்டுமா?"